துருக்கி அடைக்குச் சாட்சி கேட்ட ஊர்

சகலை,

பெரியநாயகிக்குப் பிள்ளை பிறந்திருக்கிறது. ஆண் பிள்ளை. தாயும் பிள்ளையும் சுகம். இன்று காலையில் அவளுக்கு மருந்து கிண்டுவதற்காக அடுப்படியில் சதகுப்பை வறுத்தார்கள். வாசம் கூடத்தைக் கடந்து என் மூக்கில் ஏறியதும் எனக்குக் கோபம் வந்துவிட்டது.

மற்ற வீடுகளில் பேரன் பிறந்தால் தாத்தன்மார் சீனி வாங்கித் தெருவுக்கெல்லாம் கொடுப்பார்கள். நான் மாட்டுக்கொட்டகையில் போய் உட்கார்ந்து பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். மாடு என்னைப் பார்த்தது. நான் மாட்டைப் பார்த்தேன். அதற்குத்தான் என்னைவிடப் பொறுமை. முகத்தைத் திருப்பிக்கொண்டு வைக்கோலைத் தின்னப் போய்விட்டது.

உங்கள் கொழுந்தியாள், அதாவது என் பெண்டாட்டி, தேடிக்கொண்டு வந்தாள். "பேரன் பொறந்த வீட்டுல எதுக்குங்க இந்த மூஞ்சி? யாரு ஒங்களை என்ன சொன்னா?"

"ஒருத்தரும் ஒண்ணும் சொல்லல. வாசம் வருது."

அவளுக்கு விளங்கிவிட்டது. முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அதற்குள் உள்ளே படுத்திருந்த பெரியநாயகி குரல் கொடுத்தாள். "அப்பா, அந்தச் சன்னலை நல்லாத் தெறந்து விடுங்க. தெரு முழுக்கப் போகட்டும்." போய்த் திறந்தேன். திறந்த வேகத்தில் ஒரு கதவு கீல் கழன்று கையோடு வந்துவிட்டது. அதை மடியில் வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். நீங்கள் போய்ச் சேர்ந்த இடத்துக்குத் தபால் கிடையாது என்று தெரியும். எட்டாவதில் இரண்டு தடவை உட்கார்ந்து எழுந்தவனுக்கு அவ்வளவு பூகோளமாவது தெரியாதா? ஆனாலும் யாரிடமாவது சொல்லித் தீர்க்கவேண்டும். இந்தக் கதையில் எனக்குச் சரிக்குச் சரியாகக் கோபப்பட உங்களை விட்டால் ஆள் இல்லை.

பின்னால் யாராவது இதை எடுத்துப் படித்தால் விளங்கவேண்டுமே என்று நீங்கள் யார் என்பதையும் கொஞ்சம் சொல்லிக்கொள்கிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள். என் மனைவியின் அக்காளைக் கட்டியவர் நீங்கள். போன உலகச் சண்டையில் பட்டாளத்துக்குக் கோவேறு கழுதை ஓட்டப் போனீர்கள். பஸ்ரா வரைக்கும் கப்பல், அதற்கப்பால் மணல். முற்றுகையில் பட்டாளம் பட்டினி கிடந்து கழுதைகளையே தின்று தீர்த்து, கடைசியில் துருக்கியரிடம் சரணடைந்தது. "நான் ஓட்டுன கழுதைய நானே தின்னேன் சகலை. பாவம், உசிரோட இருந்தப்பகூட அது அவ்வளவு முரண்டு பண்ணல" என்பீர்கள். பிறகு துருக்கியர் சீமையில் மலையைக் குடைந்து ரயில் விடும் வேலையில் போட்டார்கள். இங்கே வருஷக்கணக்காகத் தகவல் இல்லை. கருமாதி பண்ணிவிடலாமா என்று பெரியவர்கள் பேச்செடுத்தபோது, "தாலிய எவன் தொடுறான்னு பாக்குறேன்" என்று அக்காள் அரிவாளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருந்ததை ஊரே சொல்லும்.

திரும்பி வந்தீர்கள். வெகுமதி, பதக்கம் ஒன்றும் கொண்டுவரவில்லை. ஒரு இருமல் கொண்டுவந்தீர்கள். கூடவே ஒரு பலகாரம்.

அந்தப் பலகாரத்தைக் கற்றுக்கொடுத்தவள் யார் என்று கேட்டதற்கு நீங்கள் சொன்னது இன்றும் எனக்கு அப்படியே ஞாபகம். ரயில் பாதை போடும் இடத்துக்குக் கீழே ஒரு கிராமம். அதில் ஒரு கிழவி. காய்ச்சலோடு வேலையிலிருந்து விழுந்த உங்களைக் காவல்காரனிடம் சண்டை போட்டுத் தன் வீட்டு முற்றத்தில் படுக்கவைத்தாள். அவளுடைய மகன் சண்டைக்குப் போயிருந்தான், நம் பட்டாளத்துக்கு எதிராக. "பாஷை தெரியாது. ஆனா அவ மொகத்தப் பாத்தா வெளங்கும். அவ மவனையும் எங்கேயாச்சும் ஒரு பொம்பள ஒக்கார வச்சு ஒரு வாய் போடமாட்டாளான்னுதான் எனக்குப் போட்டா" என்றீர்கள். சொல்லிவிட்டு இருமினீர்கள். அது இருமல்தானா என்று நானும் உற்றுப் பார்க்கவில்லை.

அந்தப் பலகாரத்துக்கு அவர்கள் வைத்த பெயர் முஜ்வேரோ என்னவோ. என் நாக்கு அதில் தடுக்கி விழுந்ததால் எங்கள் வீட்டில் அது 'துருக்கி அடை' ஆயிற்று. அந்த ஊர்க் காய் நம் ஊரில் இல்லை. பச்சையாக, முழங்கை நீளத்தில், வெள்ளரிக்காய்க்குப் பெரியப்பன்போல இருக்குமாம். சுரைக்காயில் செய்து பார்த்தீர்கள், பீர்க்கங்காயில் செய்து பார்த்தீர்கள், இரண்டையும் கோழிக்குப் போட்டீர்கள். கடைசியில் எங்கள் வீட்டுக் கூரையில் படர்ந்திருந்த பரங்கிக்கொடி உங்கள் கண்ணில் பட்டது. காய் முற்றிப் பழுக்கவிடாமல், பூ வாடி விழுந்த கையோடு பச்சைப் பிஞ்சாகப் பறித்து ருசி பார்த்துவிட்டு, "இது, இதுதான் அதுக்குச் சித்தி மக" என்று குதித்தீர்கள்.

என் மனைவி குதித்தது வேறு விதம். "பிஞ்சப் பறிக்கிறது பாவம் மச்சான்! தைக்குப் பொங்கக் குழம்புக்குப் பழம் வேணும்னு பாத்துப் பாத்துத் தண்ணி ஊத்துறேன். நீங்க என்னடான்னா தொட்டில்ல கெடக்குற பிள்ளையத் தூக்குற மாதிரி தூக்கிட்டுப் போறீங்க!"

"கொழுந்தியா, நீ ஒரு வாய் தின்னு பாரு. அப்புறம் பாவத்துல பாதி ஒனக்கு."

தின்றாள். அன்றிலிருந்து பிஞ்சை அவளே பறித்துக் கொடுத்தாள். பாவம் முழுவதையும் எடுத்துக்கொண்டாள் என்று நினைக்கிறேன்.

தகரத் துண்டில் ஆணியால் துளை அடித்து ஒரு துருவி செய்து வைத்திருந்தீர்கள். பிஞ்சை அதில் துருவி, உப்புப் பிசிறி, சற்று நேரம் அப்படியே விட்டுவிட வேண்டும். பிறகு துணியில் கட்டிப் பிழிய வேண்டும். அந்தத் துணி எப்போதும் என் மேல்துண்டாகவே இருந்தது ஏன் என்பதற்கு நீங்கள் கடைசி வரை பதில் சொல்லவில்லை. "தண்ணி போகலேன்னா கல்லுல ஒக்காந்து அழும், அடையா ஆகாது" என்று சொல்லிக்கொண்டே முறுக்குவீர்கள். அதில் கோழிமுட்டை, கொஞ்சம் கோதுமை மாவு, வெங்காயத்தாள், புதினா. அந்த ஊரில் ஆட்டுப்பாலில் செய்த ஏதோ ஒரு வெள்ளைக் கட்டியை உதிர்த்துப் போடுவார்களாம்; அதற்குப் பதில் தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டு உப்புப் போட்டு வைத்துக்கொள்வீர்கள். கலந்ததைக் கரண்டியால் அள்ளிக் கல்லில் வைத்துத் தட்டி, ஓரத்தில் எண்ணெய் விட்டு, சிவந்ததும் புரட்ட வேண்டும். தொட்டுக்கொள்ளத் தயிரில் பூண்டை நசுக்கிப் போட்டது. "தயிருக்குப் பூண்டா? எந்த ஊரு அக்கிரமம் இது?" என்று நான் கத்தினேன். கத்திவிட்டுத் தட்டை நக்கினேன். எனக்கு எப்போதுமே கொள்கை ஒரு பக்கம், வாய் ஒரு பக்கம்.

இதிலெல்லாம் வம்பில்லை. வம்பு சதகுப்பையில் இருந்தது.

அந்தச் சீமையில் சதகுப்பையின் இலையைக் கீரைபோல எல்லாவற்றிலும் கிள்ளிப் போடுவார்களாம். அது இல்லாமல் அடை இல்லை என்று ஒரே பிடிவாதம் உங்களுக்கு. நம் பக்கத்தில் சதகுப்பை என்றால் நாட்டுமருந்துக் கடைச் சரக்கு. பிள்ளை பெற்றவளுக்குக் கருப்பட்டியும் சுக்கும் சேர்த்துக் கிண்டிக் கொடுப்பது. அந்த வாசம் ஒரு வீட்டிலிருந்து வந்தால் உள்ளே பச்சை உடம்புக்காரி இருக்கிறாள் என்று தெருவில் போகிற குருடனும் சொல்லிவிடுவான். நீங்கள் கடையில் விதை வாங்கிவந்து எங்கள் கிணற்றடியில், தண்ணீர் வழிந்து ஓடுகிற ஓரத்தில், பாத்தி கட்டித் தூவினீர்கள். கொசுவின் இறக்கைபோல மெல்லிய இலையோடு கிளம்பி இடுப்பளவு நின்றது. "புள்ள பெத்தவ மருந்தக் கொல்லையில வச்சு வளக்குறீங்களே மச்சான், பாக்குறவங்க என்ன நெனைப்பாங்க?" என்று அப்போதே அவள் கேட்டாள். நாம் இரண்டு பேரும் சிரித்தோம். ஆண்பிள்ளைகள் அல்லவா.

பெரியநாயகியைப் பெண் பார்க்கத் திருவரங்குளத்துப் பக்கமிருந்து வந்தார்களே, அந்த நாளுக்கு வருகிறேன்.

வில்வண்டியில் மாப்பிள்ளையின் அப்பா, அம்மா, அப்பாவின் அக்காள் ஆகிய மூன்று பேரும் வந்து இறங்கினார்கள். அப்பா பேசுவார், அம்மா தலையசைப்பாள், முடிவு பண்ணுவது அந்த அத்தைக்காரி என்பது வண்டியிலிருந்து அவள் இறங்கிய விதத்திலேயே தெரிந்தது. என்ன பலகாரம் செய்வது என்று முதல் நாளே வீட்டில் பேச்சு. "எல்லாப் பய வீட்டுலயும் பணியாரத்தத்தான் நீட்டுவான். நாயகி கையால துருக்கி அடை சுட்டுப் போடுவோம். பொண்ணு கைப்பக்குவம் தெரியட்டும்" என்றீர்கள். அவளுக்கும் அதே ஆசை. உங்களையே அதட்டி வேலை வாங்குகிற அளவுக்கு அவள் கை தேறியிருந்தது. "பெரியப்பா, மாவு ஜாஸ்தி. நீங்க எந்திரிச்சு அங்கிட்டுப் போங்க" என்பாள், பட்டாளத்துக்காரராகிய நீங்களும் எழுந்து அங்கிட்டுப் போவீர்கள்.

முடிவாகாத வீட்டில் கை நனைக்கக் கூடாது என்பது நம் வழக்கம். சோறு தின்றால் சம்மதம் என்று ஆகிவிடும். மாப்பிள்ளையின் அப்பாவும் உட்கார்ந்ததும் அதைத்தான் சொன்னார். "கோவிச்சுக்காதீங்க, பேச்சு முடியாம நாங்க கை நனைக்கிறதில்ல."

"சாப்பாடு இல்லீங்க, சும்மா பலகாரந்தான்" என்று தட்டை வைத்தேன்.

ஒன்றை எடுத்தார். பிறகு அவர் கையும் வாயும் ஓயவே இல்லை. மீசையில் பூண்டுத்தயிர் வழிய, "நாங்க கை நனைக்கிறதில்ல, என்ன இருந்தாலும் வழக்கம்னு ஒண்ணு இருக்குல்ல" என்று சொல்லிச் சொல்லியே தட்டைக் காலி பண்ணினார். அடுப்படியிலிருந்து அடுத்த ஈடு வரும்போதெல்லாம் வழக்கத்தை நினைவுபடுத்திக்கொண்டே எடுத்தார். இந்த மனிதரைச் சம்பந்தியாக அடைய நான் என்ன தவம் செய்தேனோ என்று எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

அந்த நேரத்தில்தான் அத்தைக்காரி கை கழுவக் கொல்லைக் கிணற்றடிக்குப் போனாள். போனவள் வெகுநேரம் வரவில்லை. வந்தபோது முகம் மாறியிருந்தது. என் மனைவியைப் பார்த்து மெதுவாகக் கேட்டாள். "வீட்டுல யாரு பிள்ளை பெத்திருக்கா?"

"ஒருத்தரும் இல்லீங்களே."

"மூத்த பொண்ணு வேற இருக்கா?"

"இல்லீங்க. இவதான் மூத்தவ. சின்னது ஒண்ணு வெளையாடப் போயிருக்கு."

"ஓகோ" என்றாள்.

அந்த 'ஓகோ'வை நான் செத்தாலும் மறக்கமாட்டேன். என் மனைவிக்குச் சட்டென்று விளங்கி, விளங்கிய பதற்றத்தில் வாய் குழறி, "அது அடைக்குப் போடுறதுங்க" என்றாள். மருந்தை எவளாவது அடையில் போடுவாளா? அவள் சொன்ன உண்மை பொய்யைவிட மோசமாகக் கேட்டது. நீங்கள் அடுப்படியில் புகைக்குள் இருமிக்கொண்டிருந்தீர்கள். உங்களுக்கு ஒன்றும் தெரியாது. நான் கூடத்தில் ஈயென்று இளித்துக்கொண்டு நின்றேன். எனக்கும் ஒன்றும் தெரியாது. "போயிச் சொல்லி விடுறோம்" என்று கிளம்பிவிட்டார்கள்.

நடுவில் நின்று பேசியவர் சில நாள் கழித்து வந்தார். "ஜாதகம் பொருந்தலையாம்" என்றார்.

"பத்துப் பொருத்தமும் பாத்துட்டுத்தானய்யா பொண்ணு பாக்க வந்தாங்க?"

அவர் துண்டை எடுத்து உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "இப்பப் பொருந்தலையாம்."

அதோடு முடிந்திருந்தால் போகட்டும் என்று விட்டிருப்பேன். ஒருநாள் காலையில் பெரியநாயகி ஊருணிக்குத் தண்ணீர் எடுக்கப் போனவள் வெறுங்குடத்தோடு திரும்பி வந்தாள். குடத்தை வாசலில் வைத்துவிட்டு உள்ளே போய்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். அவளோடு போன பக்கத்து வீட்டுப் பெண்தான் விஷயத்தைச் சொன்னது. படித்துறையில் ஒருத்தி, "ஒங்க வீட்டுல மருந்து மணக்குதாமே, இப்ப ஒடம்பு தேவலையா?" என்று கேட்டாளாம். மற்றவர்கள் குனிந்து குடம் துலக்கிக்கொண்டே சிரித்தார்களாம்.

என் மகள், சகலை! ஆட்டுக்குட்டி செத்தால்கூட இரண்டு நாள் சோறு தின்னாதவள். அவளைப் போய்.

நான் கம்பை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். ஊருணிக்கரை வரைக்கும் ரத்தம் கொதிக்கக் கொதிக்கப் போனேன். அங்கே போன பிறகுதான் யாரை அடிப்பது என்று யோசித்தேன். பேசியவளா, சிரித்தவளா, அவர்களுக்கு வந்து சொன்னவளா, அவளிடம் சொன்ன வண்டிக்காரனா? பேச்சுக்கு முதுகு இருந்தால்தானே அடிக்கலாம்? கரையில் மேய்ந்துகொண்டிருந்த கழுதை ஒன்று என் கம்பைப் பார்த்து மிரண்டு ஓடியது. அன்றைக்கு என் வீரத்தைக் கண்டு பயந்த ஒரே ஜீவன் அதுதான்.

விஷயம் கேட்டு நீங்கள் வந்தீர்கள். நேராகக் கொல்லைக்குப் போய்ச் சதகுப்பைப் பாத்திக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தீர்கள். ஒரு செடியை வேரோடு பிடுங்கி, மண்ணை உதறி, ஈரத்துணியில் சுற்றினீர்கள். தோசைக்கல், துருவி, முட்டை, பிஞ்சு எல்லாவற்றையும் ஒரு கூடையில் அடுக்கினீர்கள். "வாங்க சகலை, பஸ்ஸு போயிரும்."

பஸ்ஸில் நான் வழி நெடுகச் சண்டை போட்டேன். "நாம எதுக்குங்க போயி அவங்க காலுல விழணும்? தப்பு அவங்க பேர்ல."

"விழப் போகல. அவங்க வாசல்ல சுடப் போறேன்."

முன் சீட்டில் இருந்தவர் உங்கள் காக்கிச் சட்டையைப் பார்த்தார். கூடையைப் பார்த்தார். அடுத்த நிறுத்தத்தில் இறங்கிக்கொண்டார்.

அவர்கள் வீட்டு வாசலுக்கு எதிரே புங்கமரத்தடியில் மூன்று கல்லைக் கூட்டி நெருப்பு மூட்டினீர்கள். ஊர் கூடிவிட்டது. கழைக்கூத்து என்று நினைத்துக் குழந்தைகள் முன்வரிசையில் உட்கார்ந்தன. அத்தைக்காரி வெளியே வந்தாள். நீங்கள் எழுந்து செடியை அவளிடம் நீட்டினீர்கள்.

"ஆத்தா, மோந்து பாருங்க. இது என்ன?"

"ஏன், சதகுப்பை."

"நாங்க இத அடையில போடுறவங்க. ஒக்காந்து பாருங்க."

துருவினீர்கள், உப்புப் போட்டீர்கள், பிழிந்தீர்கள். அதற்கும் என் துண்டுதான். புகை உங்கள் நெஞ்சைப் பிடுங்கியது. இருமி இருமிக் கண்ணில் நீர் வடிய, அந்தத் துருக்கிக் கிழவியின் கதையை அத்தனை பேருக்கும் சொன்னீர்கள். ஈடு ஈடாகச் சுட்டு ஊருக்கே கொடுத்தீர்கள். அடை கல்லில் சிவக்கச் சிவக்க எங்கள் வீட்டில் வந்த அதே வாசம் அந்தத் தெருவெல்லாம் நிறைந்தது. மாப்பிள்ளையின் அப்பா முதல் ஆளாகக் கையை நீட்டினார். "நான் அன்னிக்கே சொன்னேன், நல்ல பலகாரம்னு" என்று பக்கத்தில் இருந்தவனிடம் சொன்னார். எப்போது சொன்னார்? யாரிடம் சொன்னார்?

அத்தைக்காரி ஒரு விள்ளல் தின்றாள். மென்றாள். விழுங்கினாள். ஊர் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது. கடைசியில் சொன்னாள்: "சரி. பொண்ணு மேல குத்தமில்லன்னு ஆயிருச்சு. தையில பேசிக்கலாம்."

ஆயிருச்சாம்! கோர்ட்டுக் கச்சேரியில் நிறுத்தி விசாரித்து விடுதலை பண்ணியதுபோல. எனக்கு உள்ளங்காலிலிருந்து எரிந்தது. நல்லதாக நாலு வார்த்தை, அவள் ஏழு தலைமுறைக்கும் போதுமான வார்த்தை, நாக்கின் நுனி வரைக்கும் வந்தது. ஆனால் என் வாய் நிறைய உங்கள் அடை. சுடச்சுட. துப்பவும் மனமில்லை, விழுங்கவும் முடியவில்லை. விழுங்கி முடிப்பதற்குள் அவள் உள்ளே போய்விட்டாள்.

வீட்டுக்கு வந்து சொன்னதும் என் மனைவி சாமிக்கு விளக்கேற்றினாள். அக்காள் அழுதாள். நானும், எரிச்சல் ஒரு பக்கம் இருந்தாலும், ஊர் வாய் மூடியதே, பெண்ணுக்கு வழி பிறந்ததே என்று மனசைத் தேற்றிக்கொண்டிருந்தேன். நீங்கள் களைத்துப்போய் சுவரில் சாய்ந்திருந்தீர்கள். பெரியநாயகி உங்களுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டு எதிரில் நின்றாள்.

"பெரியப்பா, ஒண்ணு கேக்கலாமா?"

"கேளு தாயி."

"நீங்க போயிச் சுட்டுக் காட்டாம இருந்திருந்தா?"

நீங்கள் செம்பைக் கீழே வைத்தீர்கள்.

"அப்பவும் நான் இதே பொண்ணுதானே?" என்றாள். குரலை உயர்த்தவில்லை. "இன்னிக்குச் சதகுப்பை. நாளைக்கு அந்த வீட்டுல நான் வாந்தி எடுத்தா ஒரு சாட்சி, எடுக்கலேன்னா ஒரு சாட்சி. அதுக்கும் நீங்க தோசைக்கல்லத் தூக்கிட்டு வருவீங்களா? நான் போகல பெரியப்பா."

என் மனைவி விளக்கை அப்படியே விட்டுவிட்டு ஓடிவந்தாள். "கூடி வந்தத ஒதறாதடி!" என்று கத்தினாள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் உங்களைப் பார்த்தேன். என்னைப் பெற்றவர்கள் செய்த புண்ணியம், என் வாயில் அப்போது அடை இல்லை. "அவ சொல்றதுல என்ன தப்பு?" என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகு நானே திடுக்கிட்டேன்.

நீங்கள் எழுந்து நின்றீர்கள். "ஞாயந்தான். நான் சுட்டிருக்கக் கூடாது. அவங்க கேட்ட கேள்விக்கு நான் பதில் சொல்லியிருக்கக் கூடாது" என்றீர்கள். மறுநாள் நீங்களே போய், எங்களுக்கு இந்தச் சம்பந்தம் வேண்டாம் என்று அவர்கள் வாசலில் நின்று சொல்லிவிட்டு வந்தீர்கள்.

அதற்கப்புறம் நடந்ததுதான் என் வயிற்றெரிச்சல் எல்லாம். பெண்ணே மறுத்துவிட்டாள் என்று தெரிந்தால் அவளுக்கு வேறு இடம் அமையாது என்று, உறவுமுறை முழுவதிடமும் "நாந்தான் கெடுத்தேன், அவங்க மொகம் எனக்குப் பிடிக்கல" என்று சொல்லிவிட்டீர்கள். உடனே கிடைத்தது அவர்களுக்குப் பழி போட ஒரு தலை. துருக்கியனிடம் அடிமையாகக் கிடந்தவன், கழுதை தின்றவன், பிறத்தியார் வீட்டில் சோறு தின்றவன், இவன் கை பட்டால் எந்தக் காரியம் விளங்கும் என்றார்கள். உங்கள் வீட்டுக் காப்பியைக் குடித்தே வளர்ந்தவர்கள் சொன்னார்கள். மழைக்காலம் முடிவதற்குள் இருமல் உங்களைக் கொண்டுபோயிற்று. கருமாதிக்கு வந்தவர்களைவிட வராதவர்கள் அதிகம். வந்தவர்களிலும் ஒருவர் பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்து, "நல்ல மனுசன். நாக்குதான் சனி" என்றார். அவர் இலையில் வடை இருந்தது. அதை எடுத்து அவர் வாயில் அடைக்கலாமா என்று நான் யோசித்த நேரத்தில் அவரே தின்றுவிட்டார்.

நீங்கள் போன மறு வருஷம் குடுமியான்மலைப் பக்கமிருந்து வந்தார்கள். அவர்கள் வருவதற்கு முன்னால் என் மனைவி கிணற்றடியில் மிச்சமிருந்த செடிகளைப் பிடுங்கப் போனாள். பெரியநாயகி பாத்திக்குக் குறுக்கே நின்றுகொண்டாள். அடையும் சுட்டாள். மாப்பிள்ளையின் அம்மா வாயில் போட்டுப் பார்த்தாள். "என்ன தழைங்க இது? மருந்து மாதிரி மணக்குதே?" என்றாள். நான் மூச்சை நிறுத்தினேன். "சதகுப்பை" என்றாள் என் மகள், நேராக அவள் முகத்தைப் பார்த்து. அதற்குமேல் ஒரு வார்த்தை விளக்கம் சொல்லவில்லை.

அந்த அம்மாள் இன்னொரு அடையைப் பிட்டாள். "இது தெரியாம நான் இத்தன நாளா விதைய மட்டும் எடுத்துக்கிட்டு, தழைய மாட்டுக்குப் போட்டிருக்கேனே" என்றாள். அவ்வளவுதான். கலியாணம் நடந்தது. அந்த வீட்டுப் பிள்ளைதான் இப்போது உள்ளே வீறிட்டு அழுகிறது. நீங்கள் அந்தப் பந்தலில் இல்லையே என்று எனக்கு உங்கள் மேலும் கோபம்தான். துருக்கியன் கையிலிருந்தே தப்பித்து வந்தவருக்கு இன்னொரு வருஷம் இருந்துவிட்டுப் போக முடியாதா?

இப்போது மறுபடியும் சண்டை. அரிசி இருந்தால் மண்ணெண்ணெய் இல்லை, மண்ணெண்ணெய் இருந்தால் அரிசி இல்லை. ஊர் வாய்க்கு மட்டும் எந்தத் தட்டுப்பாடும் கிடையாது. போன மாசம் ரொட்டிக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். மேலத்தெருவில் ஒருத்தன் பட்டாளத்துக்குப் போயிருக்கிறான். அவன் பெண்டாட்டி சந்தைக்குப் போய்விட்டு நேரம் கழித்துத் திரும்பினாள் என்று ஒருத்தன் ஆரம்பித்தான். இன்னொருவர், "ம்... சொல்லு, சொல்லு" என்று கண்ணாடி டம்ளரைக் கீழே வைத்தார்.

"யாரு பாத்தது?" என்றேன்.

"ஊருல பேசிக்கிறாங்க."

"ஊருன்னா யாரு? பேரு சொல்லு."

"என்ன மாமா, சும்மா ஒரு பேச்சுக்கு..."

"பேச்சுக்கா? ஒம் பொண்டாட்டி நேத்து எப்ப வந்தா? நீ பாத்தியா? எழுந்திரி, போயிக் கேட்டுட்டு வருவோம். வா."

பயத்தில் அதட்டினேனா, கோபத்தில் அதட்டினேனா என்று கேட்காதீர்கள், இரண்டும் இருந்தது. பேச்சை ஆரம்பித்தவன் எழுந்திருக்கவில்லை. டம்ளரைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான். கடைக்காரர் எனக்கு இன்னொரு டீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டுக் காசு வேண்டாம் என்றார். தொல்லை தொலையட்டும் என்று கொடுத்தாரா, மரியாதைக்குக் கொடுத்தாரா தெரியாது. நான் குடித்துவிட்டேன்.

அதன் பிறகு இரண்டு மூன்று இடத்தில் இப்படி ஆகிவிட்டது. வயசாக ஆக எனக்குக் கிறுக்குப் பிடிக்கிறது என்கிறார்கள். இந்தக் கிறுக்கு எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும். இப்போதெல்லாம் நான் ஊருணிக்கரைப் பக்கமோ ரொட்டிக்கடைப் பக்கமோ வருவது தெரிந்தால் பத்தடி தூரத்திலேயே சத்தம் அமர்ந்துவிடுகிறது. "அந்தாளு வாராரு, பேச்ச மாத்து" என்று ஒருத்தன் இன்னொருத்தனை முழங்கையால் இடிப்பது நன்றாகவே தெரிகிறது. உடனே மழையைப் பற்றிப் பேசுகிறார்கள். நானும் உட்கார்ந்து, வானத்தைப் பார்த்து, மழை வராது என்கிறேன். அவர்கள் எழுந்து போகும்வரை நான் எழுந்திருப்பதில்லை.